இறங்குமுக எண்ணிக்கை: ஒரு சினிமா உத்தியும் ஒரு சுரங்கமும்

ஃப்ரிட்ஸ் லாங் 1929இல் ஜெர்மனியில் எடுத்த 'நிலவில் பெண்' என்கிற மௌனப்படத்தை நண்பர்கள் சிலரோடு பார்த்தேன். படம் முடிந்தபின் நடந்த பேச்சுதான் இதை எழுத வைக்கிறது. ராக்கெட் கிளம்புவதற்கு முன்னால் திரையில் எண்கள் இறங்குமுகமாக வருகின்றன. கடைசியில் 'இப்போது!' என்று ஒரு சொல். மனிதன் செய்த எந்த ராக்கெட்டும் விண்வெளியின் விளிம்பைக்கூடத் தொட்டிராத காலம் அது. ஒன்று, இரண்டு, மூன்று என்று ஏறுமுகமாக எண்ணிக்கொண்டு போனால் எந்த எண்ணில் கிளம்பும் என்று பார்வையாளனுக்குத் தெரியாது, இறங்குமுகமாக எண்ணினால் தெரிந்துவிடும் என்று லாங் பிற்காலத்தில் இதற்கு விளக்கம் தந்தார். ஜூல் வெர்ன் 1865இல் வெளியிட்ட நிலவுப் பயண நாவலில் நாற்பது வரை ஏறுமுகமாகத்தான் எண்ணுகிறார்கள். விண்பயணம் என்றதும் நம் காதில் கேட்கிற கவுண்ட்டவுன், ஒரு சினிமாக்காரர் பரபரப்புக்காகச் செய்த உத்தி என்பதைக் கேட்டதும் நண்பர் ஒருவர் உற்சாகமாகிவிட்டார். "பாத்தீங்களா, புனைவுதான் முந்தி வருது. எதார்த்தம் அதைக் காப்பியடிக்குது. ராக்கெட்டே ஒரு பிரதிதான்" என்றார்.

இந்த வாசிப்புக்கு ஆதாரம் இல்லாமல் இல்லை. படத்துக்கு ஆலோசகராக இருந்தவர் ஹெர்மன் ஓபர்த். கோள்வெளிக்கு ராக்கெட்டில் போவது பற்றி 1923இலேயே புத்தகம் எழுதியவர். அடுக்கடுக்காகக் கழன்று விழும் ராக்கெட், கிளம்பும்போது அழுத்தத்தைத் தாங்கப் படுத்துக்கொள்ளும் பயணிகள், எடையின்மையில் கால்களை மாட்டிக்கொள்ளத் தரையில் வார்கள் எல்லாம் படத்தில் இருக்கின்றன. 1942 அக்டோபர் 3ஆம் தேதி பீனமுண்டேயில் வெர்னர் வான் பிரவுனின் குழு ஏவிய ராக்கெட் 80 கிலோமீட்டருக்கும் மேலே போய் முதல் வெற்றி கண்டது. பின்னாளில் வி-2 என்று பெயர் பெற்ற அந்த ராக்கெட்டின் அடிப்பாகத்தில் 'நிலவில் பெண்' படத்தின் பெயரில் ஒரு சின்னம் வரைந்திருந்தார்கள். போத்ரியார் படித்தவர்களுக்கு இது அல்வா மாதிரி. பிம்பம் மூலத்தை முந்தியதற்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது. நானும் இதைச் சிலாகித்துப் பேசியிருக்கிறேன். இப்போது அது உறுத்துகிறது.

உறுத்துவது அந்தச் சின்னத்துக்குப் பிறகு நடந்த கதை. 1943 ஆகஸ்டில் பிரிட்டிஷ் விமானங்கள் பீனமுண்டேயைக் குண்டு போட்டுத் தாக்கின. ராக்கெட் உற்பத்தி நார்ட்ஹவுசன் ஊருக்குப் பக்கத்தில் கோன்ஸ்டைன் மலைக்குள் இருந்த சுரங்கங்களுக்கு மாறியது. வேலை செய்தவர்கள் டோரா வதைமுகாமின் கைதிகள். ஆரம்ப மாதங்களில் அவர்கள் தூங்கியதும் சுரங்கத்துக்குள்ளேயேதான். டோராவிலும் அதன் கிளை முகாம்களிலும் அடைக்கப்பட்டவர்கள் சுமார் 60,000 பேர். செத்தவர்கள் சுமார் 20,000 பேர். லண்டனிலும் ஆண்ட்வெர்ப்பிலும் வி-2 விழுந்து செத்தவர்களைவிட இது பல மடங்கு அதிகம். வி-2, விழுந்து கொன்றதைவிடச் செய்யப்படும்போது கொன்றது அதிகம் என்றுதான் சொல்லவேண்டும். இந்த இடத்தில் 'ராக்கெட் ஒரு பிரதி' என்கிற வாக்கியத்தை எனக்குச் சொல்ல வரவில்லை.

வரவில்லை என்பதால் கோட்பாட்டைத் தூக்கிப் போட்டுவிட்டு மனிதாபிமானக் கண்ணீர் விடலாம் என்று நான் சொல்லவில்லை. கவுண்ட்டவுன் ஒரு கதையாடல் உத்தி என்றால், அது காலத்தை என்ன செய்கிறது என்று கேட்கவேண்டாமா? நண்பர் அந்தக் கேள்விக்கு முன்னாலேயே நின்றுவிட்டார். ஏறுமுகமாக எண்ணும்போது நடந்துபோனது சேர்ந்துகொண்டே வரும். கண்ணாமூச்சி விளையாட்டில் நாங்க அப்படித்தான் எண்ணினோம். இறங்குமுக எண்ணிக்கையில் நடந்துபோனது கழிந்துகொண்டே வரும். பூஜ்யத்தை அடையும்போது அதற்கு முந்தைய காலம் முழுக்க வெறும் காத்திருப்பாக மாறிவிடும். யார் செய்தது, எங்கே செய்தது, யார் சுமந்தது என்கிற கேள்விகள் அந்தக் கழித்தலில் போய்விடும். படத்திலும் விண்கலம் கட்டி முடிக்கப்பட்ட நிலையில்தான் பிரம்மாண்டமான கொட்டகையிலிருந்து நகர்ந்து வருகிறது. கூட்டம் ஆரவாரிக்கிறது. வரலாறு பூஜ்யத்திலிருந்து தொடங்குகிறது.

முகாமிலும் எண்ணிக்கை உண்டு. காலையும் மாலையும் கைதிகளை வரிசையில் நிறுத்தி எண்ணுவார்கள். செத்தவனும் கணக்கில் வந்தாகவேண்டும், கணக்கு நேராகும் வரைக்கும் யாரும் நகர முடியாது. ஒரே ராக்கெட்டின் இரண்டு முனைகளில் இரண்டு எண்ணிக்கைகள். ஒன்று உலகப் புகழ் பெற்றது.

வாயால் எண்ணுவது தொழில்நுட்பத்தின் கட்டாயம் என்று யாராவது சொல்லலாம். வேலைகளை வரிசைப்படுத்த ஒரு நேரக்கணக்கு வேண்டும், வாஸ்தவம்தான். ஆனால் 1961 ஏப்ரல் 12இல் ககாரினை அனுப்பியபோது சோவியத் தரப்பில் பத்து, ஒன்பது என்று எண்ணவில்லை. கட்டளைகளை ஒவ்வொன்றாகச் சொன்னார்கள், கலம் கிளம்பியது. அப்போலோ 11இல் எண்ணினார்கள். ஆனால் அங்கே எஞ்சின்களைப் பற்றவைக்கும் வேலை பூஜ்யத்துக்குச் சுமார் 9 வினாடி முன்பே தொடங்கிவிட்டது. அந்தப் பூஜ்யம் எஞ்சினைவிடப் பார்வையாளனுக்குத்தான் அதிகம் தேவைப்பட்டது.

அந்தப் பார்வையாளனை அமெரிக்காவில் மறுபடியும் சினிமாக்காரர்கள்தான் தயாரித்தார்கள். போர் முடிந்ததும் அமெரிக்க ராணுவம் கொண்டுபோன ஜெர்மன் நிபுணர்களில் வான் பிரவுன் முக்கியமானவர். எஸ்.எஸ். அமைப்பின் உறுப்பினராக இருந்தவர், அந்தச் சுரங்கத் தொழிற்சாலைக்குப் போய்வந்தவர். 1955இல் வால்ட் டிஸ்னியின் தொலைக்காட்சிப் படத்தில் ராக்கெட் மாதிரியைக் காட்டி விண்பயணத்தை விளக்குகிறார். சுரங்கத்தில் உற்பத்தியை நடத்திய ஆர்தர் ருடால்ஃப், அப்போலோவைச் சுமந்த சாட்டர்ன் 5 ராக்கெட் திட்டத்தின் மேலாளர் ஆனார். போர்க்குற்ற விசாரணை நெருங்கியதும் 1984இல் அமெரிக்கக் குடியுரிமையைக் கைவிட்டு வெளியேறினார். டோராவில் கைதியாக இருந்த ழான் மிஷேல் 1975இலேயே 'டோரா' என்ற நினைவுக்குறிப்பை வெளியிட்டிருந்தார். 1969 ஜூலையில் அப்போலோ 11 கிளம்புவதைப் பார்க்க வந்த விருந்தினர்களில் ஓபர்த்தும் ஒருவர். நாற்பது வருஷத்துக்கு முந்தைய படத்தின் ஆலோசகர் நேரில் உட்கார்ந்து பார்க்கிறார். வட்டம் அழகாக மூடிக்கொள்கிறது. டோரா அந்த வட்டத்துக்கு வெளியே நிற்கிறது.

படத்துக்கே திரும்புகிறேன். 'நிலவில் பெண்' ஒன்றும் அப்பாவிப் பிரதி இல்லை. கலத்தின் பெயர் 'ஃப்ரீடே', சமாதானம் என்று அர்த்தம். ஆனால் பயணத்தைக் கைப்பற்றுகிறவர்கள் நிலவில் இருக்கும் தங்கத்தைக் குறிவைக்கும் ஐந்து பணமுதலைகள். முடிவில் பிராணவாயு பாதி வீணாகிவிடுகிறது. எல்லாரும் திரும்ப முடியாது, ஒருவர் நிலவிலேயே தங்கவேண்டும். சீட்டுக் குலுக்குவது மாதிரி குலுக்கிப் பார்க்கிறார்கள். ஆனால் குலுக்கலில் மாட்டியவனை அனுப்பிவிட்டுக் கதாநாயகன் தானே தங்குகிறான். அவன் மேல் காதல் கொண்ட பெண்ணும் தங்கிவிடுகிறாள். இந்தப் பயணத்துக்கு உயிரால் விலை கொடுக்கவேண்டிவரும் என்று படத்துக்குத் தெரிந்திருக்கிறது. அந்த விலையைத் தியாகமாகவும் காதலாகவும் மாற்றிக் காட்டுவதில்தான் அதன் கருத்தியல் வேலை செய்கிறது. டோராவில் யாரும் குலுக்கிப் பார்க்கவில்லை. யாரும் விரும்பித் தங்கவுமில்லை.

எனவே நண்பருக்கு என் பதில் இது. புனைவு எதார்த்தத்தை முந்தியது என்பதை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அந்த இரண்டுக்கும் நடுவில் ஒரு மலையைக் குடைந்திருக்கிறார்கள். பிரதி என்று சொல்லி அந்த மலையைத் தாண்டிவிடுகிற வாசிப்பு, கவுண்ட்டவுன் செய்கிற அதே கழித்தலைத்தான் செய்கிறது. பூஜ்யத்திலிருந்து பின்னால் போய், கழிந்துபோன எண்களை ஒவ்வொன்றாகத் திரும்ப எழுதுகிற வாசிப்புதான் நமக்கு வேண்டும்.

தமிழ் படிச்சவனுக்கு ராக்கெட்டோடு என்ன வழக்கு என்று கேட்கலாம். வழக்கு என்னோடுதான். அன்றைக்குத் திரையில் எண்கள் வந்தபோது டோராவைப் பற்றி எனக்கு ஏற்கெனவே தெரியும். தெரிந்தும், மூன்று, இரண்டு, ஒன்று என்று என் உதடுகள் கூடவே அசைந்தன. பக்கத்தில் இருந்தவர்களைத் திரும்பிப் பார்த்தேன். அவர்கள் உதடுகளும் அசைந்துகொண்டிருந்தன.