கித்துல்கலையில் ஒரு பொய்ப்பாலம்

கேகாலை மாவட்டம் கித்துல்கலையில், களனி ஆற்றங்கரையில் இறங்கினால் பழைய கொங்கிரீட் அடித்தளங்கள் சில கண்ணில் படும். 1957இல் வெளிவந்த 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்' படத்தின் பாலத்துக்காகப் போட்டவை. கலை இயக்குநர் டொனால்ட் ஆஷ்டன். கதை நடப்பது தாய்லாந்துக் காட்டில். கட்டியது நம் ஆற்றின் மேல், யானைகளை வைத்து மரம் இழுத்து. பிறகு ரயிலோடு சேர்த்து வெடிவைத்துத் தகர்த்தார்கள்.

பாலம் எல்லோருக்கும் தெரிகிறது. எனக்குப் பிடித்தது அதற்கு அடுத்த வேலை. சுவரை எழுப்புவது கலை இயக்குநர் பொறுப்பு. அதில் எந்த ஆண்டுக் காலண்டர் தொங்கும் என்று பார்ப்பது அரங்க அலங்காரக்காரர். தேயிலைத் தோட்டத் தொழிலாளர் வாழும் ஒரு லயத்துக் காம்பராவைப் படம் பிடிப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். புதுக் கொழுந்துக்கூடையை வைத்தால் காட்சி கெட்டது. கூடையைத் தலையில் மாட்டும் கயிறு நெற்றி பட்ட இடத்தில் மட்டும் வழுவழுத்து, எண்ணெய் ஏறிக் கறுத்திருக்க வேண்டும். அடுப்புக்கு மேலே கரி, சாமி படத்தடியில் பழைய விபூதிக் கறை.

குவாய் படம் 7 ஆஸ்கார் வாங்கியது. கலை இயக்கத்துக்கோ பரிந்துரைகூட இல்லை! அவ்வாண்டு அப்பரிசு 'சயோனரா' படத்துக்குப் போனது. அதன் அரங்க அலங்காரக்காரர் ராபர்ட் பிரீஸ்ட்லியும் அப்பரிசில் பங்கு பெற்றார்.

தோட்டத்தைப் படமெடுக்க வருகிறவர்களே, காம்பராவை அடுக்கும் வேலையை, அந்தக் கரியும் கறையும் அறிந்த லயத்து அக்காமாரிடம் கூலி கொடுத்து ஒப்படையுங்கள்.