தோழரின் வீட்டில்

மீனா கந்தசாமி ஆங்கிலத்தில் எழுதிய 'வென் ஐ ஹிட் யூ' (2017) நாவலில் மனைவியை அடிப்பவன், நாம் கதைகளில் பழகிய குடிகாரனல்ல. மார்க்சியம் பேசும் விரிவுரையாளன். தீக்குச்சிகளால் தன்னையே சுட்டு, அவளது முகநூலை மூடவைக்கிறான். மின்னஞ்சலையும் பறிக்கிறான். அவனைப் பொறுத்தவரை இவை குட்டிபூர்ஷ்வாத்தனத்தைக் களையும் வேலைகள்.

அவள் மீண்டு வந்தபின், தாய் அதனை மகளின் பாதங்களையும் பேன்தலையையும் பற்றிய கதையாக்கி ஊருக்குச் சொல்கிறாள். கதையைத் தாயிடமிருந்தும் மீட்டுத் தானே சொல்வதே இந்நாவல். எனவே இதை வெறும் வாக்குமூலமாகப் படிப்பது, அவளை மீண்டும் வெறும் மனைவியாக்குவதாகும்.

விரிவுரையாளனாயிருந்து இன்று தொழிற்சாலையில் நிற்கும் எனக்கு, அந்தக் கணவனின் சொற்களில் ஒன்றும் அந்நியமில்லை. நமது கூட்டங்களில் புழங்கும் சொற்கள்தான். நாவல் நம்மிடம் அனுதாபம் கோரவில்லை. அச்சொற்கள் வீட்டுக்குள் எவ்வாறு தடியாகின்றன என்று கேட்கிறது. விவாதத்தை அங்கிருந்து தொடங்குவோம்.