கிடங்கிலுக்கு வழி

திண்டிவனம் நகருக்குள் கிடங்கல் என்றொரு பகுதி இருக்கிறது. ஏரி ஒன்றும் உண்டு. சென்னையிலிருந்து தெற்கே பறக்கும் பேருந்துகளில் இருப்பவர்கள் காதில் அந்தப் பெயர் விழ வாய்ப்புக் குறைவு. சங்கப் பாட்டில் வரும் கிடங்கில் இதுதான் என்பது அறிஞர்கள் கொள்கை. ஓய்மாநாட்டுத் தலைவன் நல்லியக்கோடனின் ஊர் அது. நத்தத்தனார் பாடிய சிறுபாணாற்றுப்படை, 269 அடிகளில், அவனிடம் போகச் சொல்லும் பாட்டு.

கொடை என்று பேச்செடுத்தால் பாரியின் தேருக்கும் பேகனின் போர்வைக்கும் போய்விடுவது நம் பழக்கம். முல்லைக்கொடி தேரைக் கேட்கவில்லை. மயிலும் போர்வையைக் கேட்கவில்லை. இரண்டும் கொடுத்தவன் மனத்தைக் காட்டுகிற கதைகள். வாங்கியவருக்கு என்ன தேவை என்பது அவற்றில் கிடையாது. சிறுபாணாற்றுப்படையும் கடையெழு வள்ளல்களை வரிசைப்படுத்தி, அந்த ஏழு பேரும் சுமந்த நுகத்தை நல்லியக்கோடன் தனியாளாகச் சுமக்கிறான் என்றுதான் புகழ்கிறது. ஆனால் அதே பாட்டில் ஓர் அடுப்படியும் வருகிறது.

அங்கே கூரை இற்றுக் கிடக்கிறது. குட்டி போட்ட நாய் ஒன்று. கண் திறக்காத குட்டிகள் வற்றிய மடியை முட்ட, வலி தாங்காமல் குரைக்கிறது. வீட்டுப் பெண் குப்பைமேட்டில் முளைத்த வேளைக்கீரையை நகத்தால் கிள்ளி வந்து உப்பில்லாமல் வேகவைக்கிறாள். பிறகு வாசற்கதவைச் சாத்திவிட்டுக் குடும்பத்தோடு உட்கார்ந்து உண்கிறாள். யாரும் பார்த்துவிடக் கூடாதே என்ற வெட்கம். பசியைப் பாடியவர்கள் நிறைய உண்டு. கதவைச் சாத்தும் அந்தக் கையைக் கவனித்தவர்கள் குறைவு.

நல்லியக்கோடன் வாசலோ மூடாத வாசல். யாருக்கு மூடாது என்பதையும் பாட்டு சொல்கிறது: பொருநருக்கு, புலவருக்கு, அந்தணருக்கு. பாடத் தெரியாத உழவன் அந்தப் பட்டியலில் இல்லை. அவன் வந்திருந்தால் கதவு மூடியிருக்கும் என்று சொல்ல ஆதாரமில்லை. அவனைப் பற்றிப் பாட்டுக்கு அக்கறை இல்லை, அவ்வளவுதான். புகழைத் திருப்பித் தரக்கூடியவர் பக்கம் கொடை சாய்வது நேற்றுத் தொடங்கிய வழக்கமல்ல.

இருந்தாலும் ஆற்றுப்படை என்ற வடிவத்தில் ஒரு கெட்டிக்காரத்தனம் இருக்கிறது. வழி சொல்பவன் கொடுத்தவனின் ஆள் அல்ல, ஏற்கெனவே வாங்கியவன். கீரை வெந்த அந்த அடுப்படி அவன் வீட்டுக் கதைதான். யானையும் தேரும் பெற்றுத் திரும்புகிறவன், எதிரே பசியோடு வரும் பாணனை நிறுத்தி, எந்த ஊர் வழியாகப் போகலாம், எங்கே என்ன சாப்பிடக் கிடைக்கும் என்று சொல்கிறான். எயிற்பட்டினத்தில் சுட்ட குழல்மீன், வேலூரில் புளிச்சோறும் ஆமான் இறைச்சியும், ஆமூரில் வெண்சோறும் நண்டும். தேவை எங்கே, பொருள் எங்கே என்று தெரிந்த ஒருவன் நடுவில் நிற்கிறான்.

அந்த ஆள் இல்லாமல் போனால் என்ன ஆகும் என்பதை இதே மண்ணில் 2024 டிசம்பர் காட்டியது. நவம்பர் 30 இரவு புதுச்சேரி அருகே கரையேறிய ஃபெஞ்சல் புயல் நகராமல் நின்று கொட்டியது. மயிலத்தில் ஒரே நாளில் சுமார் 50 சென்டிமீட்டர். டிசம்பர் 2 அதிகாலையில் சாத்தனூர் அணையிலிருந்து விநாடிக்கு 1,68,000 கன அடி வரை திறந்துவிட, தென்பெண்ணைக் கரை ஊர்கள் மூழ்கின. அரசூரில் சென்னை – திருச்சி நெடுஞ்சாலையே தண்ணீருக்குள் போனது. விக்கிரவாண்டிக்கும் முண்டியம்பாக்கத்துக்கும் இடையே ரயில் பாலத்தை வெள்ளம் தொட, ரயில்கள் நின்றன.

இப்படிப்பட்ட நாட்களில் முதலில் கிளம்புவது பெரும்பாலும் தனியாரின் குட்டியானை வண்டிகள்தான். மனு வேண்டாம், முத்திரை வேண்டாம். காலையில் யாரோ ஒருவர் வாட்ஸ்அப்பில் கேட்க, மாலைக்குள் பிரெட், பிஸ்கட், தண்ணீர் பாட்டில், போர்வை சேர்ந்துவிடும். இந்த வேகம் எந்த அரசாணைக்கும் வராது. பசித்தவருக்கு முதல் இரண்டு நாள் உயிர் இதில்தான் இருக்கிறது. தானத்தைக் கிண்டல் செய்கிறவர்கள் இந்த இடத்தை வசதியாகத் தாண்டிப் போய்விடுவார்கள்.

ஆனால் குட்டியானை தார்ச்சாலை முடிகிற இடம் வரைக்கும்தான் போகும். சாலையோரத்து ஊருக்கு மூன்று வண்டி, இரண்டு கிலோமீட்டர் உள்ளே இருக்கும் காலனிக்கு ஒன்றுமில்லை. மேலிருந்து பொட்டலம் வீசினால் வலுத்த கை பிடிக்கும். கிழவியும் கைக்குழந்தைக்காரியும் ஓரத்தில் நிற்பார்கள். மதியம் கட்டிய சாம்பார் சாதம் இரவுக்குள் ஊசிப்போகும். புளிசாதம் தாங்கும் என்பது நம் வீட்டு ஆயாவுக்குத் தெரியும், வண்டி ஏற்றுகிறவருக்குத் தெரியாது. அடுப்பு நனைந்த வீட்டுக்கு அரிசி மூட்டை போகும். நாப்கின், நைட்டி, கொசுவத்தி, பிளீச்சிங் பவுடர் போன்றவற்றை வாய்விட்டுக் கேட்க முடியாமல் பெண்கள் சும்மா இருந்துவிடுவார்கள். 2004 சுனாமிக்குப் பிறகு நாகப்பட்டினம் பக்கம் யாரும் தொடாத பழைய துணிகள் சாலையோரம் மலைபோல் கிடந்தன. அனுப்பியவர்கள் கெட்டவர்கள் அல்ல. அலமாரியைக் காலி செய்ததும் கொடைதான் என்று நம்பியவர்கள்.

அப்புறம் அந்தக் கைபேசி. பொட்டலத்தை ஒரு முனையில் கொடுப்பவர் பிடித்திருக்க, மறுமுனையை வாங்குபவர் பிடித்திருக்க, படம் விழும்வரை இருவரும் விடக் கூடாது. கதவைச் சாத்திக்கொண்டு உண்டவளின் கதை தெரிந்த மண்ணில் இந்தப் படங்கள் கொஞ்சம் அதிகமாகவே உறுத்துகின்றன. கணக்குக் காட்டவே படம் என்பார்கள். பணம் கொடுத்தவருக்குக் கணக்கு வேண்டும்தான். பொட்டலங்களை எண்ணிப் படம் எடுக்கலாமே, முகம் எதற்கு?

இதெல்லாம் குறைவாக நடக்கும் ஊர்களையும் பார்க்கலாம். அங்கே யாரோ ஒரு பையன் பைக்கில் முன்னால் வந்து, "அண்ணே, இங்க வந்துடுச்சு, உள்ள போங்க, காலனில யாருமே போகல" என்று வண்டியைத் திருப்புவான். அங்கன்வாடி அக்கா எந்த வீட்டில் கர்ப்பிணி, எந்த வீட்டில் படுத்த படுக்கை என்று சொல்வார். சிறுபாணாற்றுப்படையில் வழி சொன்னவனின் வேலை அதுதான்.

அரசின் கொடையில் வேறு சிக்கல். புயலுக்குப் பின் விழுப்புரம், கடலூர், கள்ளக்குறிச்சி மாவட்டங்களில் வாழ்வாதாரம் இழந்த குடும்பங்களுக்கு 2,000 ரூபாய் அறிவிக்கப்பட்டது. அது யாருடைய தயவும் அல்ல, கை நீட்டி நிற்க வேண்டாம். அந்த மதிப்பு பெரிது. ஆனால் மெதுவாக வரும். டிசம்பர் 3 அன்று இருவேல்பட்டில் பார்வையிடப் போன அமைச்சர் மீது சேறு வீசப்பட்டது. உணவும் குடிநீரும் மின்சாரமும் வரவில்லை என்ற கோபம் அந்த ஊரில் இருந்தது. சேறு வீசியது சரியல்ல, கோபம் பொய்யுமல்ல.

மெதுவாக வந்தாலும் அது ரேஷன் அட்டை உள்ளவருக்குத்தான் எளிதாக வரும். விழுப்புரம் மாவட்டத்தில் ஏரிக்கரையிலும் செங்கல் சூளையிலும் வயல் ஓரத்திலும் குடிசை போட்டிருக்கும் இருளர்களில் அட்டையோ சாதிச் சான்றோ இல்லாத குடும்பங்கள் இன்னும் உண்டு. ஏரி உடைந்தால் முதலில் நனைவதும் அவர்கள் குடிசைதான். வண்டிக்காரருக்கு அந்தக் குடிசை கண்ணில் படாது, அரசுக்கு அவர்கள் பெயர் பட்டியலில் படாது.

திண்டிவனத்தில் பேராசிரியர் பிரபா கல்விமணி தொடங்கிய பழங்குடி இருளர் பாதுகாப்புச் சங்கம் பல ஆண்டுகளாக இவர்களுக்காக நிற்கிறது. காவல் நிலைய வழக்கு, சாதிச் சான்று, பிள்ளைகளின் படிப்பு என்று அலைகிற வேலை. இதைத் தானம் என்று யாரும் சொல்வதில்லை. சொல்லியிருந்தால் நன்றாகத்தான் இருந்திருக்கும்: ஒரு முறை வாங்கிக் கொடுத்த சான்றிதழ் அடுத்த புயலிலும் வேலை செய்யும். பிரெட் பாக்கெட் செய்யாது. ஆனால் பசித்த இரவில் சான்றிதழைத் தின்ன முடியாது என்பதால் குட்டியானையையும் திருப்பி அனுப்ப முடியாது.

வட்டாட்சியர் அலுவலகத்துக்கு வழி காட்டுகிற இந்தக் கொடைக்கு லாரி வேண்டாம். ஒரு மனு, அதை எழுதத் தெரிந்த ஒருவர், கூட வர ஓர் ஆள், நாலைந்து தடவை பேருந்துக் கட்டணம். அன்றைக்கு அதிகாரி முகாமுக்குப் போயிருந்தால் ஆறாவது தடவையும்.