வழுக்கி விழுந்தவள்

தமிழில் ஆண் வழுக்கி விழுந்தால் சிரிப்பு. பெண்ணை ‘வழுக்கி விழுந்தவள்’ என்றால் அது தீர்ப்பு. மௌனப்படக் காலத்து ஸ்லாப்ஸ்டிக் நகைச்சுவையைப் பார்க்கும்போதெல்லாம் இந்த வேறுபாடு என்னை உறுத்துகிறது.

1914இல் கீஸ்டோன் நிறுவனம் வெளியிட்ட ‘மேபல்ஸ் ஸ்ட்ரேஞ்ச் ப்ரெடிக்கமென்ட்’ குறும்படத்தை இயக்கி நடித்தவர் மேபல் நார்மண்ட். சாப்ளினின் நாடோடி வேடம் உருவான படம் என்றே அது பேசப்படுகிறது. கதை மேபலுடையது. விடுதி அறையில் இரவு உடையில் நாயோடு பந்து விளையாடுகிறாள். பந்து வெளியே உருண்டோடுகிறது. எடுக்கப் போனவளுக்குப் பின்னால் கதவு பூட்டிக்கொள்கிறது. குடித்துத் தள்ளாடும் நாடோடி துரத்துகிறான். எதிர் அறைக் கட்டிலுக்கடியில் ஒளிகிறாள். அந்த அறைக்காரரின் மனைவியும் மேபலின் காதலனும் வந்துசேர, சந்தேகமும் அடிதடியும்.

தள்ளாடுவதும் விழுவதும் அவன். ‘விழுந்தவள்’ ஆகிவிடும் ஆபத்து அவளுக்கு. அவள் செய்ததெல்லாம் வாசற்படியைத் தாண்டியதுதான்.

இயக்கியவர் பெண் என்பதற்காக, அச்சத்தை வேடிக்கையாக்கும் அந்தத் துரத்தலை என்னால் ரசிக்க முடியவில்லை. ஆனால் பந்து உருண்டதையும் கதவு பூட்டிக்கொண்டதையும் மேபல் நமக்கு முன்பே காட்டிவிடுகிறார். மற்றவர்கள் சந்தேகிக்கும்போது நாம் அவளுக்குச் சாட்சிகள். நம் சிரிப்பு சந்தேகிப்பவர்கள் பக்கம் திரும்புகிறது. இது தேர்ந்த இயக்குநரின் வேலை.

அந்தத் தேர்ச்சியைச் சாப்ளின் ஏற்கவில்லை. அதே ஆண்டு ‘மேபல் அட் த வீல்’ படப்பிடிப்பில், தண்ணீர்க் குழாயை மிதித்துவிட்டு, குழாய்க்குள் எட்டிப் பார்த்து முகத்தில் பீய்ச்சிக்கொள்ளும் வேடிக்கையொன்றைச் சொன்னார். நேரமில்லை என்றார் மேபல். சாப்ளின் நடிக்க மறுத்து உட்கார்ந்துவிட்டார். 1964இல் வந்த தன்வரலாற்றில் அவரே இதை எழுதுகிறார், மேபலின் திறமைமீது தனக்கிருந்த ஐயத்தோடு சேர்த்து. ஏறக்குறைய அதே வேடிக்கை 1895இலேயே லூமியேரின் தோட்டக்காரன் படத்தில் வந்துவிட்டது. பழைய சரக்கை வேண்டாமென்றவர் திறமையற்றவரானார்.

1922இல் இயக்குநர் வில்லியம் டெஸ்மண்ட் டெய்லர் கொலையானார். அன்று மாலை அவர் வீட்டுக்குப் போய்த் திரும்பியிருந்த மேபலைப் பத்திரிகைகள் விடவில்லை. கொலைக்கும் அவருக்கும் தொடர்பில்லை. பெயர் கெட்டது கெட்டதுதான். மறுபடி ஒரு வாசற்படி. 1930இல் காசநோயில் இறந்தார். இன்றும் அவரைப் பற்றிய எழுத்தில் கொலை வழக்கு முதலில் வருகிறது, படங்கள் பிறகு. இந்த வரிசையை மாற்றுவதிலிருந்து நம் வாசிப்பு தொடங்க வேண்டும்.