கூட வருபவர்

ஐரோப்பாவின் பழைய நகரங்களில் காசு கொடுத்து ஒருவரைத் துணைக்கு வைத்துக்கொண்டு தெருத்தெருவாக நடக்கிறார்கள். அந்தச் சுகத்தை நான் ஆரணிக்கும் போளூருக்கும் இடையே இருக்கும் சமணத் தலமான திருமலையில் அனுபவித்தேன். பட்டுத்தறிச் சத்தம் கேட்கும் ஆரணியிலிருந்து கொஞ்ச தூரந்தான். உள்ளூர்ப் பெரியவர் ஒருவர், "மெதுவா வாங்க, பாறை சுடும்" என்று முன்னே நடந்தார்.

பாறையில் செதுக்கிய தீர்த்தங்கரர் நேமிநாதர் சுமார் 16 அடி உயரம். சிகாமணிநாதர் என்பது ஊர் வழங்கும் பெயர். நான் முகத்தையே அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தேன். பெரியவரோ, "முதல்ல பாதத்தப் பாருங்க" என்றார். கீழிருந்து பார்வையை மெல்ல ஏற்றியபோதுதான் அந்த உயரம் உடம்புக்கு உறைத்தது. குகை அறையில் சக்கரம்போல் வரைந்த, தீர்த்தங்கரர் உபதேசிக்கும் சபையான சமவசரணத்தின் ஓவியம். வண்ணம் உதிர்ந்த இடங்களை விரலால் தொடாமல், காற்றிலேயே வரைந்து நிரப்பிக் காட்டினார்.

இராசேந்திர சோழனின் புகழ்பெற்ற கல்வெட்டும் இங்கேதான். கங்கை வரை சென்ற படையெடுப்பை அடுக்கிச் சொல்லிவிட்டு, கடைசியில் அது வந்து நிற்பது வணிகர் ஒருவரின் மனைவி சாமுண்டப்பை இங்குள்ள குந்தவை ஜினாலயத்துக்குக் கொடுத்த நந்தாவிளக்கில். எனக்கு அந்த விளக்குத்தான் பெரிது. பெரியவருக்கும் அப்படித்தான் போலும். படையெடுப்பை ஒரே மூச்சில் சொன்னவர், அந்த அம்மாள் பெயரை மட்டும் இரண்டு முறை நிறுத்திச் சொன்னார்.