கிஸ்வாவைப் பாடுகிறோம், தறியைப் பாடவில்லை

போன தவணைப் பரீட்சையில் பத்தாம் தரப் பிள்ளைகளுக்கு 'நான் உருவாக்கும் நாடு' என்று ஒரு கட்டுரைத் தலைப்புக் கொடுத்திருந்தேன். ஒரு பிள்ளை நன்றாக எழுதியிருந்தாள். அவளுடைய நாட்டில் வருஷத்தில் ஒரு நாள் சனமெல்லாம் கூடி ஒரே துணியை நெய்கிறார்கள். ராசாவும் நெய்கிறான், தெருக் கூட்டுகிறவனும் நெய்கிறான். 'நல்ல கற்பனை' என்று அடியில் எழுதிப் புள்ளி போட்டேன். அடுத்த விடைத்தாளை எடுத்த பிறகுதான் உறைத்தது: இதில் பாதி கற்பனையே இல்லை. வருஷா வருஷம் நமக்கென்று ஒரு துணி நெய்யப்படுகிறதே, கஃபாவின் கிஸ்வா! நெய்கிறவனுக்கு அந்த நாட்டில் மரியாதை இருக்கிறது என்பதுதான் கற்பனை.

கிஸ்வாவைப் பற்றி நம்மவர்கள் எழுதியவை குறைவல்ல. ஹஜ்ஜுப் பெருநாள் மலர்களைப் புரட்டினால் கவிதைகள் கிடைக்கும். கறுப்பு இருக்கும், பொன்னெழுத்து இருக்கும், கண்ணீர் இருக்கும். கட்டுரையென்றால் கணக்கு வரும்: சுமார் 670 கிலோ பட்டு, 14 மீற்றர் உயரம், தங்க இழை, வெள்ளி இழை. துல்ஹஜ் 9இல் மாற்றி வந்ததை 2022 முதல் முஹர்ரம் முதல் நாளில் மாற்றுகிறார்கள் என்ற தகவலும் வரும். எல்லாம் சரி. தறியில் இருந்தவர் யார்? இந்தக் கேள்வியைக் கேட்கும் ஒரு கவிதையை நான் இன்னும் வாசிக்கவில்லை. இது தற்செயலான மறதி அல்ல என்பதே என் வாதம்.

வெளியார் ஒருவர் எழுதியதைப் பக்கத்தில் வைத்துப் பார்ப்போம். எட்வர்ட் லேன் என்ற ஆங்கிலேயர் கெய்ரோ மக்களின் வாழ்க்கையைப் பற்றி எழுதிய நூல் 1836இல் வெளிவந்தது. கிஸ்வா கோட்டையிலிருந்து ஊர்வலமாகப் புறப்பட்டு, பொருத்தித் தைப்பதற்காக ஹஸனைன் பள்ளிவாசலுக்குப் போனதை அதில் விவரிக்கிறார். ஊர்வலத்துக்குக் கொடுத்த இடத்தை அவரும் தறிக்குக் கொடுக்கவில்லை. ஆனாலும் துணி பட்டும் பருத்தியும் கலந்தது என்பதையும், நெய்யும் உரிமை ஒரு குடும்பத்துக்குப் பரம்பரையாக இருந்ததையும் பதிந்துவிட்டுப் போகிறார். நம்முடைய கவிதைகளில் அந்தளவுகூட இல்லை.

1927இல் மன்னர் அப்துல் அஸீஸ் மக்காவிலேயே கிஸ்வா நெய்ய ஏற்பாடு செய்தபோது இந்தியாவிலிருந்து நெசவாளர்கள் வரவழைக்கப்பட்டார்கள். நம் பக்கத்து நாட்டு மனிதர்கள் கடல் கடந்து போய் அல்லாஹ்வின் வீட்டுக்கு ஆடை நெய்தார்கள். எவ்வளவு பெரிய கதை! தமிழில் அதை யாரும் நாவலாக எழுதி நான் பார்க்கவில்லை.

ஏன்? துணியை முத்தமிடுகிற நாம் நெய்தவனைக் கீழே வைத்துப் பழகிவிட்டோம். பழைய பிக்ஹு நூல்களில் திருமணப் பொருத்தம் பேசும் இடத்தில் நெசவுத் தொழில் தாழ்வாக வைக்கப்பட்டதைக் காணலாம். அரபிகள் ஒருவருக்கொருவர் பொருத்தமானவர்கள், நெசவாளரும் இரத்தம் குத்தி எடுப்பவரும் தவிர, என்ற கருத்தில் ஓர் அறிவிப்பு 'புலூகுல் மராம்' நூலில் இருக்கிறது. அதன் தொடரில் பெயர் சொல்லப்படாத ஒருவர் இருக்கிறார் என்றும், அபூ ஹாதிம் அதை மறுத்திருக்கிறார் என்றும் இப்னு ஹஜர் அங்கேயே எழுதி வைத்திருக்கிறார். அறிவிப்பு நிற்கவில்லை. அதிலிருந்த எண்ணம் மட்டும் நம் வீடுகளில் நிற்கிறது.

நான் சொல்வது புத்தகச் சங்கதி மட்டுமல்ல. என் உம்மாவின் ஊர் மருதமுனை. அங்கத்தைய கைத்தறிச் சாரனை நாடெங்கும் தேடி வாங்குகிறார்கள். என் சாச்சிக்குக் கொழும்பிலிருந்து வந்த சம்பந்தம் 'நெசவுக்காரக் குடும்பமாம்' என்ற ஒரு சொல்லோடு நின்றது. மாப்பிள்ளை வீட்டார் பேச வந்த அன்று உடுத்திருந்தது மருதமுனைச் சாரன்தான். உம்மும்மா அதைப் பார்த்துவிட்டு, "எங்கட நூலு மட்டும் வேணும் போல" என்றாவாம்.

நம் இலக்கியத்தில் இதற்கு மாற்றே இல்லையா என்றால், இருக்கிறது. தக்கலை பீர்முஹம்மது அப்பா நெசவு செய்து வாழ்ந்தவர் என்பது வழிவழியாக வரும் செய்தி. அவருடைய 'ஞானப்புகழ்ச்சி'யை ஆண்டுதோறும் ரஜப் மாதத்தில் தக்கலையில் கூடியிருந்து விடிய விடியப் பாடுகிறார்கள். ஒரு நெசவாளரின் சொல்லை ஓர் ஊரே ஓர் இரவு முழுக்கச் சுமக்கிறது. நம் ஆய்வுகள் அவரை ஞானியாகப் பேசுகின்றன, புலவராகப் பேசுகின்றன. தறி முன்னுரையில் ஒரு வரியோடு முடிந்துவிடுகிறது.

என் மாணவியையும் நான் குறை சொல்ல முடியாது. அவள் படிக்கிற வெள்ளவத்தையில் பெரிய நூற்பு நெசவாலை ஒன்று இருந்தது. 1933இல் அதன் தொழிலாளர்கள் செய்த வேலைநிறுத்தம் இந்நாட்டுத் தொழிற்சங்க வரலாற்றில் முக்கியமானது. அந்த நிலத்தில் இன்று ஹெவ்லொக் சிட்டி மாடிகள் நிற்கின்றன. நாம் சொல்லிக் கொடுக்காததை அவள் எப்படி எழுதுவாள்?

அடுத்த நாள் அந்தப் பிள்ளையைக் கூப்பிட்டேன். "மகள், அந்த ஒரு நாள் போக மத்த நாளெல்லாம் உங்கட நாட்டுல ஆரு நெய்யுற? அவங்களுக்குக் கூலி எவ்வளவு?" என்று கேட்டேன். யோசித்துவிட்டு, "அது கதையில வரல்ல டீச்சர்" என்றாள். நம்முடைய கிஸ்வாக் கவிதைகளுக்கும் இதே பதில்தான்.

இதை வாசிக்கும் மருதமுனை வாசகர்களிடம் ஒரு வேண்டுகோள். பாவு, ஊடை, தார், அச்சு, நாடா என்ற சொற்களைப் புழங்கிய மூத்தவர்கள் உங்கள் வீட்டில் இருந்தால், அவர்கள் சொல்வதை எழுதி வையுங்கள். அடுத்த ஹஜ்ஜுப் பெருநாள் மலருக்குக் கவிதை கேட்டு வந்தால், அந்தச் சொற்களில் ஒன்றாவது அதில் இருக்கட்டும்.