அக்கரையிலிருந்து வந்த அழைப்பு

திரைப்பட நடிகர் ஒருவரின் வாழ்நாள் பணியில் ஆன்மீகச் சிந்தனைக்கு இடமுண்டோ? மார்செல்லோ மாஸ்ட்ரோயன்னியைப் பொறுத்தவரை இக்கேள்வி 1960-ஆம் ஆண்டிலேயே எழுந்துவிட்டது. ஃபெலினி இயக்கிய ‘லா டோல்சே வீட்டா’ அவ்வாண்டு வெளிவந்தபோது வத்திக்கான் நாளிதழ் அதனைக் கடுமையாகக் கண்டித்தது. இயேசு சபைக் குருக்கள் சிலரோ அதில் ஓர் ஆன்மத் தேடலைக் கண்டனர். ஒரே படத்தில் ஒரு சாரார் பாவத்தின் கவர்ச்சியையும், மறு சாரார் பாவியின் வேதனையையும் கண்டது எங்ஙனம்? விடை அந்நடிகரின் முகத்தில் இருக்கிறது என்பது நம் கருத்து.

1924-இல் ஃபொந்தானா லீரி என்னும் சிற்றூரில் தச்சுத் தொழிலாளி ஒருவரின் மகனாகப் பிறந்தவர் அவர். 1948 முதல் விஸ்கோந்தியின் நாடக மேடையில் பயின்றார். 1996 டிசம்பர் 19-இல் பாரிசில் மறையும் வரை நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார். ‘மங்கையர் மயங்கும் ஆணழகன்’ என உலகம் சூட்டிய பட்டத்தை அவர் விரும்பவில்லை. அப்பட்டத்தைப் பொய்யாக்கும் பாத்திரங்களையே அவர் மீண்டும் மீண்டும் ஏற்றார்.

‘லா டோல்சே வீட்டா’வின் தொடக்கத்தில் கிறிஸ்துவின் திருவுருவத்தை ஹெலிகாப்டர் ஒன்று உரோமை நகருக்கு மேலே சுமந்து செல்கிறது. பின்தொடரும் மற்றொன்றில் பத்திரிகையாளன் மார்செல்லோ இருக்கிறான். அவனது கண்ணோ மாடியில் வெயில் காயும் பெண்கள்மீது! இறுதிக் காட்சியில், கடற்கரை நீரோடையின் அக்கரையில் நின்று மாசற்ற சிறுமி ஒருத்தி அவனை அழைக்கிறாள். அலையோசையில் அவள் குரல் கேட்கவில்லை. கையை விரித்துவிட்டு, களியாட்டக் கூட்டத்தோடு திரும்பிச் செல்கிறான். அழைப்பு உண்டு, செவிதான் இல்லை. இன்பத்தின் நடுவில் சிறிதும் இன்புறாத அந்த முகம், எந்த மறையுரையும் சொல்லாததை நமக்குச் சொல்லிவிடுகிறது.

1963-இல் வந்த ‘எட்டரை’யில் அவர் படைப்பாற்றல் வற்றிப்போன இயக்குநர். நீராவிக் குளியலறையில் கர்தினாலைச் சந்தித்து ஆறுதல் தேடுகிறார். கிடைத்த பதிலோ அவரது உள்ளத்தைத் தொடவில்லை. திருச்சபையைச் சாடும் காட்சி என்று இதனை ஒதுக்கிவிடுதல் எளிது. ஆனால் 1995-இல் திரைப்பட நூற்றாண்டையொட்டி வத்திக்கான் வெளியிட்ட 45 சிறந்த படங்களின் பட்டியலில் ‘எட்டரை’யும் இடம்பெற்றது.

ஸ்கோலாவின் ‘தனிச்சிறப்பான ஒரு நாள்’ (1977) படத்தில், ஹிட்லர் உரோமைக்கு வருகை தந்த 1938-ஆம் ஆண்டின் ஒரு நாளில், தன்பாலின நாட்டத்தால் வேலையிழந்த வானொலி அறிவிப்பாளராக வருகிறார். ஊரே ஊர்வலத்திற்குச் செல்ல, தனித்திருக்கும் இல்லத்தரசி சோஃபியா லாரனுடன் அவர் பேசும் பேச்சில், இகழப்பட்ட மனிதனின் மாண்பு துலங்குகிறது.

முதுமையில் அவர் நடித்த ‘எல்லாரும் நலம்’ (1990) நம்மை மிகவும் கலங்கச் செய்வது. ஐந்து பிள்ளைகளைக் காணச் சிசிலியிலிருந்து புறப்படும் தந்தை, அவர்கள் மறைத்த தோல்விகளையும் ஒரு மகனின் மரணத்தையும் அறிகிறார். திரும்பி வந்து, மனைவியின் கல்லறையருகே நின்று, எல்லாரும் நலம் என்கிறார். அன்று அழைப்பைக் கேளாதவனாக நடித்தவர், இன்று எல்லாவற்றையும் கேட்டு அன்பினால் மறைக்கிறார்.

குறையே இல்லையா? உண்டு. அவரது கனிந்த புன்னகை சில படங்களில் பலவீனத்தை அழகுபடுத்திவிடுகிறது. ‘இத்தாலிய மணமுறிவு’ (1961) படத்தில் மனைவியைக் கொல்லத் திட்டமிடுபவனைக்கூட நாம் நகைத்து மன்னித்துவிடுகிறோம். இரக்கம் வேறு, இசைவு வேறு என்பதை நாம்தான் நினைவில் கொள்ள வேண்டும்.

எனினும் அவரது சிறந்த பாத்திரங்கள் தம்மை நியாயப்படுத்துவதில்லை, பிறரைக் குற்றஞ்சாட்டுவதுமில்லை. தம் வெறுமையை மறைக்காமல் நம்முன் நிற்கின்றன. ஒப்புரவு அருளடையாளத்தை நாடிச் செல்லும் எவருக்கும் அந்த நிலை அந்நியமன்று. அக்கரையிலிருந்து வரும் குரலை நம் வாழ்வின் எந்த இரைச்சல் மறைக்கிறது என்று, படம் முடிந்தபின் நாம் ஒவ்வொருவரும் நம்மையே கேட்டுக்கொள்வோமா?